நடுக்கல் நேரில் நிற்கிறதா?

திருப்பூர் மாவட்டம் பொங்கலூர் பக்கமிருந்து ஒரு வாசகர், பெயர் போட வேண்டாம் என்ற குறிப்போடு, ஒரே கடிதத்தில் இரண்டு கேள்விகள் அனுப்பியிருக்கிறார். அவருடைய தோட்டத்துக்கும் கிழக்கே உள்ள காட்டுக்கும் நடுவில் பாட்டன் காலத்துக் கிளுவை வேலி இருந்தது. அந்தக் காடு இப்போது கைமாறிவிட்டது. வாங்கியவர்கள் பனியன் குடோன் கட்டப்போகிறார்கள். கிளுவையை எடுத்துவிட்டு, மதில் எழுப்ப நூல் கட்டியாயிற்று. தென்கோடியில் ஒரு கல், வடகோடியில் ஒரு கல், நடுவில் ஒரு கல். நடுக்கல் தன் பக்கம் தள்ளி நிற்பதாக வாசகருக்குப் படுகிறது. கட்டட மேஸ்திரியோ டேப்பைப் பிடித்துக் காட்டி, "கல்லுக்குக் கல் 50 மீட்டர், 50 மீட்டர், மொத்தம் 100. வரைபடத்திலும் 100தானுங்க இருக்குது? அப்புறம் எங்கே கோணல்?" என்கிறாராம். மேஸ்திரி சொல்வது சரியா என்பது முதல் கேள்வி.

இரண்டாவது கேள்வி அவருடைய மகளுடையது. கணக்குப் புத்தகத்தில் குறுங்கோணம், செங்கோணம், விரிகோணம் எல்லாம் புரிகிறது. 180 பாகை கொண்டது நேர்க்கோணம் என்று போட்டு ஒரு நேர்கோட்டை வரைந்திருக்கிறார்கள். மூலையே இல்லாத இடத்தில் கோணம் எப்படி வரும் என்று கேட்கிறாள். அப்பாவுக்குப் பதில் தெரியவில்லை.

கடிதத்தை எழுதியவருக்கே தெரியாமல் இரண்டும் ஒரே கேள்வியாக அமைந்துவிட்டன. மகளிடமிருந்து தொடங்குவது வசதி.

கோணம் என்பது மூலையின் கூர்மையைக் குறிப்பது அல்ல. ஒரு திசையிலிருந்து இன்னொரு திசைக்கு எவ்வளவு திரும்ப வேண்டும் என்பதன் அளவு அது. நடுக்கல்லின் மேல் நின்று தென்கல்லைப் பாருங்கள். பிறகு அப்படியே மேற்குப் பக்கமாகத் திரும்பி வடகல்லைப் பாருங்கள். மூன்று கல்லும் ஒரே நேரில் இருந்தால் சரியாக அரைச்சுற்று திரும்பியிருப்பீர்கள். முழுச்சுற்று 360 பாகை, அரைச்சுற்று 180. அதுதான் நேர்க்கோணம். கிழக்குப் பக்கமாகத் திரும்பினாலும் அதே 180. நடுக்கல் மேற்கே, அதாவது வாசகர் பக்கம், தள்ளியிருந்தால் இந்தச் சமன் கெட்டுவிடும். மேற்குப் பக்கத்துக் கோணம் 181 ஆனால் கிழக்குப் பக்கத்துக் கோணம் 179 ஆகும். இரண்டும் சேர்ந்தால் எப்போதும் 360தான்.

அந்தப் பிள்ளையின் சந்தேகம் ஒன்றும் சின்னச் சந்தேகம் அல்ல. 2,000 ஆண்டுகளுக்கு முன் வடிவியலைத் தொகுத்து எழுதிய கிரேக்க அறிஞர் யூக்ளிட், கோணத்துக்கு விளக்கம் சொல்லும்போது, ஒரே நேர்கோட்டில் அமையாத இரண்டு கோடுகள் சந்திப்பது என்றே சொல்லியிருக்கிறார். நேர்கோட்டை அவர் கோணமாகவே எண்ணவில்லை. அந்த அளவைச் சொல்ல வேண்டிய இடத்தில் "இரண்டு செங்கோணம்" என்று எழுதினார். அதை ஒரு கோணமாக வைத்துக்கொண்டால் கணக்கு சுலபமாகிறது என்பதால் பின்னால் வந்தவர்கள் சேர்த்துக்கொண்டார்கள். ஆனால் யூக்ளிட் சொன்ன அந்த "இரண்டு செங்கோணம்" என்ற பேச்சை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். வேலித் தகராறில் கைகொடுக்கப்போவது அதுதான்.

இனி மேஸ்திரியின் கணக்கு. ஒரு பாகை கோணல் என்றால் எவ்வளவு? பள்ளிக்கூடக் கோணமானியில் விளிம்பிலுள்ள ஒரு பாகையின் அகலம் பென்சில் கோட்டின் தடிமன்தான், ஒரு மில்லிமீட்டர்கூட இருக்காது. அதே ஒரு பாகை 50 மீட்டர் தள்ளிப் போகும்போது 87 சென்டிமீட்டராக விரிகிறது. நம் வாசகரின் எல்லையில், 100 மீட்டர் கோட்டின் நட்டநடுவில் உள்ள கல்லில் ஒரு பாகை கோணல் இருந்தால், அந்தக் கல் நேர்கோட்டை விட்டு 44 சென்டிமீட்டர் விலகி நிற்கிறது என்று அர்த்தம். கிட்டத்தட்ட ஒன்றரை அடி. இரண்டு பக்கமும் மெலிந்து போகும் அந்த முக்கோணத்தின் பரப்பு சுமார் 22 சதுர மீட்டர், அரை சென்ட்டுக்குக் கொஞ்சம் மேலே. எல்லை 200 மீட்டராக இருந்தால், அதே ஒரு பாகைக்குக் கல் 87 சென்டிமீட்டர் விலகும். பறிபோகும் நிலம் இரண்டு மடங்கு அல்ல, நான்கு மடங்கு, 2 சென்ட்டைத் தாண்டும். காட்டை ஏக்கர் கணக்கில் பேசிய காலத்தில் இதை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. பல்லடம், அவிநாசி, காங்கேயம் சாலைகளை ஒட்டி இன்று சென்ட் கணக்கில் விலை பேசுகிறார்கள்.

இப்போது டேப்புக்கு வருவோம். நடுக்கல் அந்த 44 சென்டிமீட்டர் விலகி நின்றால், தென்கல்லிலிருந்து நடுக்கல் வழியாக வடகல்லுக்கு அளக்கும் நீளம் எவ்வளவு கூடும்? 4 மில்லிமீட்டர்கூட இல்லை. நூறு மீட்டரில் 4 மில்லிமீட்டர் என்பது டேப்பை இழுத்துப் பிடிப்பதிலும் தளர்த்திப் பிடிப்பதிலும் காணாமல் போய்விடுகிற அளவு. ஆகவே மேஸ்திரி பொய் சொல்லவில்லை. அவர் அளந்தது சரி. ஆனால் கல் நேரில் நின்றாலும் அதே 100 மீட்டர்தான் வந்திருக்கும், ஒன்றரை அடி தள்ளி நின்றாலும் அதே 100 மீட்டர்தான் வந்திருக்கும். நீளம் சரியாக இருக்கிறது என்பதை நேருக்குச் சாட்சியாகக் காட்டவே முடியாது. எல்லைப் பேச்சில் பலரும் ஏமாறுவது இந்த இடத்தில்தான். கண்ணால் பார்த்துச் சந்தேகப்பட்டவரை டேப்பைக் காட்டி வாயடைத்துவிடுகிறார்கள்.

அப்படியானால் எதை வைத்துப் பார்ப்பது?

முதல் வழிக்குச் செலவே இல்லை. கோணல் இல்லாத மூன்று சவுக்குக் கழிகள் போதும். மூன்று கல்லின் தலையிலும் ஒவ்வொரு கழியைச் செங்குத்தாகப் பிடிக்க வேண்டும். குண்டுநூல் விட்டுப் பார்த்துக்கொண்டால் நல்லது, கழி சாய்ந்தால் கணக்கே சாய்ந்துவிடும். தென்கழிக்கு இரண்டு மீட்டர் பின்னால் நின்று, ஒரு கண்ணை மூடிக்கொண்டு, கழியின் ஓரத்தோடு வடகழியைப் பார்க்க வேண்டும். நடுக்கழி இரண்டோடும் ஒன்றாக மறைந்தால் நேர். ஒரு பக்கம் துருத்திக்கொண்டு தெரிந்தால் நேர் இல்லை. நடுக்கழி பிடிப்பவரைக் கையசைத்து நகரச் சொல்லி, மறைகிற இடத்தில் ஒரு முளைக்குச்சி அடித்துவிட்டால், கல்லுக்கும் குச்சிக்கும் உள்ள இடைவெளியை டேப்பால் அளந்துவிடலாம். பிறகு வடக்கே போய் நின்று தெற்கே பார்த்து இன்னொரு தடவை செய்ய வேண்டும். இரண்டு தடவையும் குச்சி ஒரே இடத்தில் விழுந்தால்தான் அந்த அளவை நம்பலாம்.

நடுவில் மேடு இருந்து, ஒரு கோடியிலிருந்து மறுகோடி தெரியவில்லை என்றால் என்ன செய்வது? இதற்கு நில அளவையாளர்கள் செய்யும் அழகான வேலை ஒன்று உண்டு. இரண்டு பேர் ஆளுக்கொரு கழியோடு மேட்டின் மேல் ஏற வேண்டும். தெற்கே நிற்பவர் வடகல்லைப் பார்ப்பார். வடக்கே நிற்பவர் தென்கல்லைப் பார்ப்பார். முதலில் தெற்கே நிற்பவர், மற்றவரின் கழி வடகல்லின் கழியை மறைக்கும்வரை அவரை நகரச் சொல்ல வேண்டும். அடுத்து வடக்கே நிற்பவர், இவருடைய கழி தென்கல்லின் கழியை மறைக்கும்வரை இவரை நகரச் சொல்ல வேண்டும். மாறி மாறி நகர்த்த நகர்த்த, நகர வேண்டிய தூரம் குறைந்துகொண்டே வந்து, ஒரு கட்டத்தில் இரண்டு பேருக்குமே நகர வேண்டிய தேவை இருக்காது. அப்போது நான்கு கழியும் ஒரே நேரில் நிற்கும். ஒரு கோடியிலிருந்து மறுகோடியைப் பார்க்காமலே கோட்டைப் பிடித்துவிட்டார்கள்.

நூல் கட்டிப் பார்ப்பதில் ஒரு சங்கடம் இருக்கிறது. ஆனி, ஆடியில் பாலக்காட்டுக் கணவாய்க் காற்று இந்தப் பக்கம் எப்படி அடிக்கும் என்று சொல்லத் தேவையில்லை. பல்லடத்திலிருந்து உடுமலை, தாராபுரம் வரை நிற்கும் காற்றாலைகளே சொல்லும். மேற்கிலிருந்து வரும் காற்று, தெற்கு வடக்காகக் கட்டிய 100 மீட்டர் நைலான் நூலை வில்லாக வளைத்துவிடும். அந்த நூலை நம்பி வாணம் தோண்டினால் சுவரும் வளையும். விடியற்காலை காற்று எழும்பும் முன்பே நூல் பிடிக்க வேண்டும். 20 மீட்டருக்கு ஒரு முளையைக் கழியால் நேர் பார்த்து அடித்துக்கொண்டு, முளைக்கு முளை நூல் கட்டினால் வளைவு குறையும். வெட்டிய கிளுவையின் அடிக்கட்டை எங்கேனும் நூலைத் தொட்டுத் தள்ளுகிறதா என்பதையும் நடந்து பார்க்க வேண்டும். கைப்பேசியில் இடம் காட்டும் செயலியை வைத்து அளப்பது இந்த வேலைக்கு ஆகாது. அதன் பிழையே சில மீட்டர் வரும். இங்கே தேடுவது சென்டிமீட்டரை.

இரண்டாவது வழி, யூக்ளிடின் இரண்டு செங்கோணம். நடுக்கல்லில் இருந்து பார்த்தால் இரண்டு கோடியும் தெரிகிறது, ஆனால் கழி வைத்து நேர் பார்க்க வசதியில்லை என்னும்போது இது உதவும். கொத்தனார்கள் மூலை பிடிக்கப் பயன்படுத்தும் 3, 4, 5 கணக்கைப் பெரிதாக்கி 6, 8, 10 என்று வைத்துக்கொள்ளலாம். நடுக்கல்லிலிருந்து தென்கல்லை நோக்கிச் சரியாக 8 மீட்டரில் ஒரு முளை. சொந்தத் தோட்டத்துப் பக்கம், நடுக்கல்லிலிருந்து 6 மீட்டரும் அந்த முளையிலிருந்து 10 மீட்டரும் வருகிற இடத்தில் இன்னொரு முளை. இப்போது நடுக்கல்லில் ஒரு செங்கோணம் அமைந்துவிட்டது. அடுத்து, வடகல்லை நோக்கி 8 மீட்டரில் மூன்றாவது முளை. தோட்டத்து முளையிலிருந்து இந்த மூன்றாவது முளைக்கு அளந்தால் சரியாக 10 மீட்டர் வரவேண்டும். வந்தால் மறுபக்கமும் செங்கோணம். இரண்டு செங்கோணம் சேர்ந்து நேர்க்கோணம். மூன்று கல்லும் ஒரே கோட்டில்.

10 மீட்டருக்கு 8 சென்டிமீட்டர் கூடுதலாக வந்தால் ஒரு பாகை கோணல், கல் சொந்தத் தோட்டத்துப் பக்கம் துருத்தி நிற்கிறது. 8 சென்டிமீட்டர் குறைந்தால் அதே ஒரு பாகை, ஆனால் கல் அடுத்தவர் பக்கம் போயிருக்கிறது. அப்படி வந்தாலும் வாயைத் திறந்து சொல்லிவிட வேண்டியதுதான். முன்பு நேராக அளந்தபோது 100 மீட்டரில் 4 மில்லிமீட்டர்கூடக் காட்டாத அதே டேப், அதே கோணலை இங்கே 10 மீட்டரிலேயே 8 சென்டிமீட்டராகக் காட்டுகிறது. 180 பாகையில் டேப்புக்குக் கண் தெரியாது. 90 பாகையில் நன்றாகத் தெரியும். நேர்க்கோணத்தை இரண்டு செங்கோணமாகப் பிரித்துப் பார்ப்பதன் லாபம் இதுதான். மகளுக்கு இதைத் தோட்டத்திலேயே செய்து காட்டலாம். புத்தகத்தில் "கூடுதல் 180 பாகை வந்தால் அவை ஒரே கோட்டில் அடுத்தடுத்து அமையும்" என்று வருகிற பாடம் இதேதான்.

இந்த இரண்டு சோதனைக்கும் முன்னால் பார்க்க வேண்டியது ஒன்று இருக்கிறது: எஃப்.எம்.பி. என்று எல்லோரும் சொல்லும் புலப்படம். அரசின் இ-சேவை இணையதளத்தில் புல எண்ணைக் கொடுத்து எடுத்துக்கொள்ளலாம். அந்த இடத்தில் எல்லை நேராகத்தான் போக வேண்டும் என்று யார் சொன்னது? நடுக்கல் வைத்ததே அங்கே எல்லை லேசாகத் திரும்புகிறது என்பதற்காகவும் இருக்கலாம். புலப்படத்தில் பாகைக் கணக்கு இருக்காது, நீளங்கள்தான் இருக்கும். அளவுக்கோடு ஒன்றில் இத்தனை தூரம் வந்து, அங்கிருந்து செங்குத்தாக இத்தனை தூரம் விலகினால் கல் என்று குறித்திருப்பார்கள். அதை சர்வேயர்கள் ஆப்செட் என்பார்கள். திரும்புகிறதா இல்லையா என்பதை ஆப்செட் அளவுதான் சொல்லும். படத்தின் மேல் கோணமானியை வைத்துப் பார்ப்பதில் பயனில்லை. ஒரு பாகை அங்கே பென்சில் கோட்டுக்குள் ஒளிந்துவிடும்; கடையில் பிரின்ட் எடுக்கும்போது படம் சுருங்கியும் போயிருக்கும். பழைய படமாக இருந்தால் அளவு மீட்டரிலா லிங்க்ஸிலா என்பதையும் பார்க்க வேண்டும். 100 லிங்க்ஸ் ஒரு சங்கிலி, அதாவது 66 அடி. 1,000 சதுர லிங்க்ஸ் ஒரு சென்ட்.

கோட்டை நேராகப் பிடிப்பதற்கு அரசாங்கமே எவ்வளவு பாடுபட்டிருக்கிறது என்பதற்கு நம் மாநிலத்திலேயே சான்று உண்டு. 1802-ல் வில்லியம் லாம்டன் சென்னைப் பரங்கிமலை அருகே ஏறத்தாழ 12 கிலோமீட்டர் நீளத்துக்கு ஓர் அடிக்கோடு அளந்தார். இந்தியாவின் பெரும் முக்கோண அளவை அங்கிருந்து வளர்ந்தது. 100 அடி எஃகுச் சங்கிலியை மரப்பெட்டிகளில் கிடத்தி, முக்காலிகளில் ஏற்றி, தொலைநோக்கியால் நேர் பார்த்துப் பார்த்து நகர்த்தினார்கள். அடுத்த சில ஆண்டுகளில் பழைய கோயம்புத்தூர் ஜில்லாவிலும் அப்படி ஓர் அடிக்கோடு அளக்கப்பட்டது. முக்கோணத்தின் மூன்று கோணங்களையும் கூட்டினால் ஒரு நேர்க்கோணம் வரவேண்டும் என்பதை வைத்து அளவைச் சரிபார்த்துக்கொண்டே போவதுதான் அந்த முறையின் உயிர்.

கோணலைக் காட்டிக்கொடுக்கும் சாட்சி வேறொன்றும் எல்லோர் கண்ணிலும் படுகிறது. கம்பி வேலியில் நேராக நிற்கும் வரிசையில் உள்ள கல்தூண் அசையாது; இரண்டு பக்கமும் கம்பி ஒரே நேரில் எதிரெதிராக இழுப்பதால் இழுவை ஒன்றையொன்று அடித்துக்கொள்ளும். வளைவில் நிற்கும் தூண் மட்டும் நாளடைவில் உள்பக்கம் சாயும். அதற்குத்தான் முட்டுத் தூண் வைக்கிறோம். வேலியின் நடுவில், முட்டு வைக்கத் தேவையில்லை என்று நினைத்த தூண் ஒன்று தொடர்ந்து ஒரே பக்கம் சாய்ந்தால், அந்த இடத்தில் கோடு நேராக இல்லை என்று சந்தேகப்படலாம். காடுகளைக் கடந்து போகும் உயர்மின் கோபுரங்களிலும் இதே கதைதான். நேராகப் போகும் இடத்தில் நிற்கும் கோபுரம் சன்னமாக இருக்கும். பொதுவாக 2 பாகை திருப்பம் வரைதான் அது தாங்கும். அதற்குமேல் திரும்பினால் கனமான கோபுரம், பெரிய அடித்தளம். 60 பாகை திரும்பும் இடத்தில் கோபுரத்தைப் பக்கவாட்டில் இழுக்கும் விசை, கம்பியின் முழு இழுவைக்கே சமமாகிவிடும். மின்துறைக்காரர்கள் நேர்க்கோட்டை 180 என்று சொல்ல மாட்டார்கள், திருப்பம் 0 என்பார்கள். பள்ளிக்கூடத்து 180-ம் அவர்களுடைய 0-ம் ஒரே கோடுதான்.

கடைசியாக நடைமுறை. வீட்டில் செய்யும் கழிச் சோதனையும் 6, 8, 10 சோதனையும் சந்தேகத்தைத் தெளிவாக்கிக்கொள்ளத்தான்; சபையில் எடுபடுவது அரசு நில அளவையரின் அளவு மட்டுமே. கல் தள்ளி நிற்பது உறுதியானாலும் அதைப் பிடுங்கி நட்டுவிடக் கூடாது. எல்லைக் கல்லை நகர்த்துவது சட்டப்படி குற்றம், தன் பக்கத்து நியாயமும் அதோடு போய்விடும். 1923-ஆம் ஆண்டின் நில அளவை மற்றும் எல்லைகள் சட்டப்படி, கற்களைப் பேணும் பொறுப்பு நிலத்துக்காரர்களுக்கும் உண்டு. பட்டா, புலப்படம் நகலோடு இ-சேவை மையம் வழியாகக் கட்டணம் கட்டி, எல்லை அளந்து காட்ட விண்ணப்பிக்கலாம். அளக்கும் நாளில் இரண்டு தரப்பும் இருப்பது அவசியம். அக்கம்பக்கத்துக் காட்டுக்காரர்களின் கற்கள் எங்கே இருக்கின்றன என்று முன்கூட்டியே புதரை வெட்டித் தெரிய வைத்திருந்தால் வேலை சீக்கிரம் முடியும், ஏனென்றால் நடுக்கல் சரியா என்று பார்க்க கோடிக் கற்கள் இரண்டும் சரியாக நிற்க வேண்டும்.

வாணம் தோண்டும் முன்பே, கடப்பாரை மண்ணில் இறங்காத நிலையிலேயே, மேஸ்திரியையும் இடம் வாங்கியவரையும் வைத்துக்கொண்டு கழி பிடித்துப் பார்க்கச் சொல்லுங்கள். சுவர் எழும்பிய பிறகு பேசுவதைவிட அது இரண்டு பேருக்குமே மலிவு. நூலை எல்லைக் கோட்டின் மேலேயே கட்டியிருந்தால் அதையும் கவனியுங்கள்: சுவர் 9 அங்குலமாக இருந்தாலும் அடியில் போடும் அஸ்திவாரம் அதைவிட அகலம். சுவரோடு அஸ்திவாரமும் கட்டுகிறவருடைய பக்கத்துக்குள்ளேயே நிற்கிறதா என்று வாணத்தின் அகலத்தை அளந்து பார்த்துக்கொள்ள வேண்டும்.